பூதம் தாண்டிப்போகும் வீடு

டிசம்பர் 3
விடியுமுன்னே பனி தள்ளும் வண்டியை எடுத்துக்கொண்டு போனேன். திரும்பி வந்து காலுறையைக் கழற்றுவதற்குள் பள்ளிக்கூடத்திலிருந்து போன். என் மகள் தமாகி ஒரு பையனுடைய செருப்பில் சூப்பை ஊற்றிவிட்டாளாம். "வீட்டுல ஏதாவது பிரச்சினையா?" என்று டீச்சர் கேட்டார். ஜூனில் இவள் அம்மா செத்துப்போனாள், அதைத் தவிர ஒன்றுமில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. "கண்டிக்கிறேன்" என்று சொல்லிக் குனிந்து குனிந்து கும்பிட்டேன். போனில் குனிந்தால் அந்தப் பக்கம் யாருக்குத் தெரியும்? நான் ஒரு முட்டாள்.

டிசம்பர் 8
என் மனைவி சனாயேயின் படத்துக்கு முன் வைத்த சோற்றைத் தமாகி எடுத்துத் தின்றாள். தின்றுகொண்டே என் முகத்தைப் பார்த்தாள். "திட்டு" என்றாள். மேசையை ஓங்கிக் குத்தினேன். மேசைக்கு ஒன்றும் ஆகவில்லை, என் கைதான் வீங்கிவிட்டது. ஏழு வயதுப் பெண்ணுக்கு இவ்வளவு விஷமா? யாரைப் பார்த்துக் கற்றுக்கொள்கிறாள்?

டிசம்பர் 12
ஊர்ச் சங்கத் தலைவர் கிசாபுரோ வந்தார். வாசற்படியில் உட்கார்ந்தபடியே சொன்னார்: "தொகுஜி, இந்த வருஷம் நீ வேடம் கட்டக் கூடாது. உன் வீட்டுக்கும் வராது. தெரியும்ல?"
தெரியும். ஆண்டின் கடைசி நாள் மலையிலிருந்து இறங்கி, வீடு வீடாக நுழைந்து, அழுமூஞ்சி உண்டா, சோம்பேறி உண்டா என்று உறுமுகிற நமஹகே என்ற பூதம், அந்த வருஷம் சாவு நடந்த வீட்டை மட்டும் தாண்டிப் போய்விடும். முகமூடிக்குள்ளே இருப்பது ரியோஹே போன்ற சாலை வேலைக்காரப் பயல்தான் என்றாலும், அன்றைக்கு அவன் தெய்வம். பதினோரு வருஷம் நானும் தெய்வமாக இருந்தவன். தொப்பை இடித்து வைக்கோல் அங்கி பிரிந்து விழுந்த தெய்வம்.
சரி, ஒரு வருஷம் ஓய்வு என்று சிரித்துவைத்தேன்.

டிசம்பர் 15
எழுதித்தான் ஆக வேண்டும்.
தமாகியின் புத்தகப் பையில் புத்தகமே இல்லை. இரண்டு ஜட்டி, பல் துலக்கி, சனாயேயின் ஸ்வெட்டர், நாலு ஆரஞ்சு. எங்கே போகப் போறே என்று கேட்டேன். "மலைக்கு."
கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வெளியே வந்தது. போன வருஷம் நமஹகே அவளிடம் சொன்னதாம்: அம்மா பேச்சைக் கேட்கலேன்னா மலைக்கு இழுத்துட்டுப் போயிடுவேன். எல்லாப் பிள்ளைகளிடமும் சொல்வதுதான். நானே எத்தனை வீட்டில் சொல்லியிருக்கிறேன்!
"நான் பேச்சைக் கேட்கலப்பா. அது என்னைத்தான் தேடி வந்துச்சு. நான் பள்ளிக்கூடத்துல இருந்தேன். அதான் அம்மாவைத் தூக்கிட்டுப் போயிடுச்சு."
அதனால்தான் சூப். அதனால்தான் சோறு. கெட்ட பிள்ளையாக இருந்தால் கட்டாயம் வரும். இவள் போனால் அம்மாவை விட்டுவிடும்.
"ஆரஞ்சு?"
"பூதத்துக்கு. தூக்கிட்டு நடக்கணும்ல, தாகம் எடுக்கும்."

டிசம்பர் 16
எப்படியெல்லாமோ சொல்லிப் பார்த்தேன். அம்மாவுக்கு மூளையில் ரத்தக்குழாய் வெடித்தது, டாக்டர் சொன்னார், நான் பக்கத்தில் இருந்தேன். "உனக்கு என்ன தெரியும்? நீ என்ன பூதமா?" என்றாள்.
நான்தான்டி பூதம்! தொண்டை வரை வந்தது. சொன்னால் அடுத்து என்ன கேட்பாள்? அப்போ அம்மாவைக் கொண்டுபோனது நீதானா?
பூதம் சொன்னால்தான் நம்புவாள். பூதமோ இந்த வீட்டுக்கு வராது. எவன்டா போட்டான் இந்தச் சட்டத்தை?

டிசம்பர் 19
கிசாபுரோவிடம் போனேன். இந்த ஒரு வருஷம் மட்டும் என் வீட்டுக்குள் வரட்டும் என்றேன். ஏன் என்று சொல்லவில்லை. என் மகள் மூட்டை கட்டி வைத்திருக்கிறாள் என்று சங்கக் கூடத்தில் நாலு பேர் முன்னால் எப்படிச் சொல்வது?
"உன் பாட்டன் செத்தப்பவும் வரல, என் பொண்டாட்டி செத்தப்பவும் வரல. உனக்கு மட்டும் என்ன தனிச் சாமியா?"
"சாமியாவது மண்ணாவது! ரியோஹேவுக்கு ஒரு குப்பி சாராயம் குடுத்தா வரான்!"
சொல்லியிருக்கக் கூடாது. எல்லோரும் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார்கள்.

டிசம்பர் 22
நல்ல பனி. ஊர்த் தெரு முழுவதையும் சுத்தமாகத் தள்ளினேன். தள்ளிய பனியெல்லாம் எப்படியோ கிசாபுரோ வீட்டு வாசலில் போய்க் குவிந்துவிட்டது. கைதவறுதல்.

டிசம்பர் 23
கிசாபுரோ பனி அள்ளும் வாரியோடு வந்து வண்டியை மறித்தார். எழுபத்திரண்டு வயதுக் கிழவர் நடுரோட்டில் நின்று கத்துகிறார்.
"இறங்குடா, எருமை! என் கார் எங்கேடா?"
"தோண்டிப் பாருங்க தலைவரே, வசந்தத்துல கிடைக்கும்!"
"உனக்குப் பைத்தியமாடா?"
"ஆமா! என் பொண்ணு மலைக்குப் போக மூட்டை கட்டி வச்சிருக்கா! தன்னைப் பிடிச்சுக்கிட்டு அம்மாவை விடணுமாம்! உங்க சாமிக்குத் தாகம் எடுக்கும்னு ஆரஞ்சு வேற வச்சிருக்கா! போங்க, உங்க சட்டத்தைக் கட்டிக்கிட்டு அழுங்க!"
அவர் வாரியைப் பனியில் ஊன்றினார்.
"சாவு வீட்டுக்குள்ள அது வராது, தொகுஜி" என்றார். பிறகு: "தெரு வழியா நடக்கக் கூடாதுன்னு யாரும் சொல்லல."
நான் இறங்கி அவர் வாசலை அள்ளிக் கொடுத்தேன். இடுப்பு போயிற்று.

ஜனவரி 1
நேற்று இருட்டத் தொடங்கும்போது தெருவில் உறுமல் கேட்டது. எங்கள் வாசலுக்கு நேரே நின்றது. தமாகி பையை மாட்டிக்கொண்டு ஓடினாள். நான் பின்னால், ஒரு காலில் செருப்போடு.
இரண்டு பேர். ஒருவன் ரியோஹே. மற்றது சிவப்பு முகம், வைக்கோலுக்குள் காற்றாடும் ஒல்லி உடம்பு. கிசாபுரோ. இருபது வருஷத்துக்குப் பிறகு வேடம் கட்டியிருக்கிறார்.
"வீட்டுக்குள்ள வர மாட்டோம்! இங்கே அழுமூஞ்சி உண்டா?"
"நான்தான். ரொம்பக் கெட்டவ. என்னைக் கூட்டிட்டுப் போ. அம்மாவை விட்டுடு."
ரியோஹேவின் மரக்கத்தி தாழ்ந்தது. கிழவர் பனியில் மண்டியிட்டார். உறுமுவதை மறந்துவிட்டார், வெறும் மனுஷக் குரல்.
"உன் அம்மாவை நாங்க கொண்டுபோகல. எங்க மலையில அவ இல்ல."
"பொய்."
"பிள்ளே, இங்க வா. நாங்க இதுவரைக்கும் ஒருத்தரையும் கொண்டுபோனதில்ல. ஒரே ஒருத்தரைக்கூட. சும்மா மிரட்டுறோம். நீ எப்படி இருந்தாலும் உன் அம்மா போயிருப்பா. மத்தப் பிள்ளைங்ககிட்ட சொல்லிடாதே, எங்க பிழைப்பு போயிடும்."
"அப்போ அம்மா எங்கே?"
"அது எங்களுக்கும் தெரியாது."
தமாகி பையைத் திறந்து ஆரஞ்சை எடுத்துக் கொடுத்தாள். ஆளுக்கு இரண்டு.
கிசாபுரோ எழுந்திருக்க முடியாமல் தவித்தார். தெய்வத்தை நானும் ரியோஹேவும் ஆளுக்கொரு கை பிடித்துத் தூக்கிவிட்டோம்.

ஜனவரி 5
தமாகி பேசவில்லை. வம்பும் செய்யவில்லை. செருப்பு, சூப்பு எதுவாவது செய்யேன்டி என்று இருக்கிறது. தப்பாகிவிட்டதோ?

ஜனவரி 14
வேலை முடிந்து வந்து மீன் சுட்டேன். கருகிவிட்டது. தமாகி ஒரு வாய் வைத்துவிட்டு, "அம்மா இப்படிக் கருக்க மாட்டா" என்றாள். பிறகு சாப்பாட்டுக் குச்சிகளைக் கீழே வைத்துவிட்டு அழ ஆரம்பித்தாள். ஜூனிலிருந்து அவள் அழுது நான் பார்த்ததில்லை. சுடுகாட்டில்கூட அழவில்லை.
தூங்கச் சொல்லவில்லை. சமாதானமும் சொல்லவில்லை. மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். யாரையாவது திட்டலாம் என்று யோசித்துப் பார்த்தேன். யாரும் அகப்படவில்லை.