சீட்டின் இடது பக்கம்

பெட்ரோவுனி
16 ஜனவரி 1983

என் தங்கை லம்ப்ரினிக்கு,

இதை எழுதுவது, இதுவரை எனக்காக எழுதித் தந்த டவுன் மளிகைக் கடைக்காரர் இல்லை. உன் அண்ணன் ஆர்கிரிஸ், தன் கையாலேயே எழுதுகிறேன். முதல் வரிக்கு மட்டும் அரை மணி நேரம் ஆயிற்று. நடுவில் அடுப்புக்கு விறகு போட்டுவிட்டு வந்தேன். எழுத்துகள் ஓடிப்போகாமல் அப்படியே நின்றிருந்தன.

அக்டோபரிலிருந்து பள்ளிக்கூடத்தில் பெரியவர்களுக்கு மாலை வகுப்பு நடக்கிறது. குழந்தைகளின் பெஞ்சில் முழங்கால் இடிக்க ஏழு பேர் உட்காருகிறோம். எனக்கு அறுபத்தாறு வயது. அங்கே நான்தான் இளையவன். ஆசிரியை டெஸ்பினா பொறுமைசாலி, ஆனாலும் போன வாரம் சொல்லிவிட்டாள்: "மாமா, பேனா மண்வெட்டி இல்ல. இப்படி அமுக்கினா தாள்ல கிணறுதான் வரும்."

இப்போது கண்ணில் பட்டதையெல்லாம் வாசிக்கிறேன். உர மூட்டை, மருந்துப் புட்டி, பேருந்தின் நெற்றி. காப்பிக் கடையில் நான் வழக்கமாக உட்காரும் நாற்காலிக்கு மேலே ஒரு பலகை உண்டு. ஏதோ புனிதரின் பெயர் என்று நினைத்திருந்தேன். "தரையில் துப்பாதீர்கள்" என்றிருக்கிறது. "இத்தன வருஷமா துப்பறேன், ஒருத்தனும் சொல்லலையே?" என்று கேட்டேன். "உனக்காகத்தான்யா அத எழுதியே மாட்டினேன்" என்றான் வாங்கேலிஸ்.

பெரிய செய்தி உனக்கும் எட்டியிருக்கும். உள்நாட்டுப் போரில் ராணுவத்தை எதிர்த்து மலையில் சண்டை போட்டு எல்லை தாண்டியவர்கள் திரும்பி வரலாம் என்று அரசாங்கம் சொல்லிவிட்டது. அந்தக் கிறிஸ்துமஸில் கொனிட்சா ஊரைப் பிடிக்கப் போனோமே, பாலத்தடியில் நீ ஒரு பக்கம் நான் ஒரு பக்கம் ஆனோமே, முப்பத்தைந்து வருடம் ஆகிவிட்டது. உன்னை என் வீட்டில் ஏற்றுக்கொள்கிறேன் என்று நான் ஒரு தாளில் ஒப்புக்கொள்ள வேண்டுமாம். இந்த முறை கட்டைவிரல் இல்லை, கையெழுத்து. தினமும் எழுதிப் பழகுகிறேன். வருகிறேன் என்று ஒரு வரி போடு. உன் கடிதத்தை நானே படிப்பேன்.

மனைவி போன பிறகு வீட்டில் இரண்டு அறை சும்மாதான் கிடக்கிறது.

உன் அண்ணன்,
ஆர்கிரிஸ்


தாஷ்கண்ட்
13 பிப்ரவரி 1983

என் அருமை அண்ணா,

உன் கடிதத்தை என் மகள்களிடம் காட்டினேன். "தாய்மாமன் எழுத்து எறும்பு மாதிரி இருக்கு, ஆனா சாராயம் குடிச்ச எறும்பு" என்றாள் சின்னவள். நான் சிரித்துக்கொண்டே அழுதேன். நீ அமுக்கி எழுதியதால் தாளின் பின்பக்கத்தில் விரலால் தடவியே படிக்க முடிகிறது. இதை என் தலையணைக்கடியில் வைத்திருக்கிறேன்.

வருகிறேன், அண்ணா. ஆலையிலிருந்து ஓய்வு பெற்றாயிற்று. அவரும் போய்விட்டார். இங்கே எனக்கு ஒரு கல்லறைதான் பாக்கி, அங்கே இரண்டு இருக்கின்றன.

உன்னிடம் இத்தனை நாள் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். மளிகைக் கடைக்காரர் வாசித்துக் காட்டுவாரே என்று எழுதவில்லை. இங்கே வந்த புதிதில், சாப்பாட்டுக் கூடத்தில், ஸ்தாதிஸ் என்பவன் ஒரு பழைய செய்தித்தாள் துண்டை எடுத்து எல்லோர் முன்னாலும் வாசித்தான். நீ சிறைத் தீவில் மனம் மாறி எழுதிக்கொடுத்ததாம். அதில் என் பெயரும் இருந்தது. "உன் அண்ணன் உன்னய வித்துட்டான், லம்ப்ரினி" என்றான். நான் கையிலிருந்த சூப்பை அவன் மேல் ஊற்றினேன். "எங்கண்ணனுக்கு எழுத்தே தெரியாதுடா. வெறுந்தாள்ல விரலப் புடிச்சு அமுக்கியிருப்பானுங்க. அவனப் பத்தி இன்னொரு வார்த்த பேசினா அடுத்தது கொதிக்கக் கொதிக்க வரும்" என்றேன். பிறகு அவன் முகத்தைக்கூட நான் பார்க்கவில்லை. உனக்குப் படிக்கத் தெரியாமல் இருந்தது, அண்ணா, எனக்கு அன்று பெரிய ஆறுதல்.

இன்னொன்று. ஐம்பத்தாறிலிருந்து அம்மாவுக்கு ஆறு கடிதம் போட்டேன். எதுவும் வரவில்லை என்று நீ சொல்லியனுப்பினாய். இருக்கட்டும், அது அந்தக் காலம். ஆனால் சாகும்போது அம்மா என்னைப் பற்றி ஏதாவது சொன்னாளா? கெட்ட வார்த்தையாக இருந்தாலும் பரவாயில்லை. இப்போது நீயே எழுதலாமே.

உன் பேனாவுக்கு என் முத்தம்.

தங்கை,
லம்ப்ரினி


பெட்ரோவுனி
13 மார்ச் 1983

லம்ப்ரினி,

உன் கடிதத்தை நானே படித்தேன். ஒரு சொல்லும் விடவில்லை. சூப் ஊற்றிய இடத்தில் எழுந்து வெளியே போய்விட்டேன். பனியில் நின்றுகொண்டிருந்தேன்.

"ஆமாம் தங்கச்சி, எனக்கு எதுவும் தெரியாது" என்று எழுதி ஒரு தாளை மடித்தும் வைத்துவிட்டேன். இரண்டு வாரம் அது மேசையில் கிடந்தது. நேற்று ஆன்மாக்களின் சனிக்கிழமை, இறந்தவர்களுக்காகக் கோயிலில் வேண்டிக்கொள்ளும் நாள். வீட்டுக்கு ஒரு சீட்டு பாதிரியாரிடம் கொடுப்போமே, இடது பக்கம் உயிரோடிருப்போர், வலது பக்கம் இறந்தோர் என்று. எங்கள் சீட்டை ஒவ்வொரு வருடமும் அத்தை மகள் எவாந்தியா பார்த்து எழுதித் தருவாள். இந்த முறை நானே எழுதுகிறேன் என்று பெருமையாகச் சொல்லி, பழைய சீட்டை வாங்கி வந்தேன். வலது பக்கத்தில் அப்பா, அம்மா, என் மனைவி, அதற்குக் கீழே லம்ப்ரினி.

அது அங்கே இருப்பது எனக்குத் தெரியாது என்று சொல்லமாட்டேன். வருடா வருடம் பாதிரியார் வாசிக்கும்போது கேட்டிருக்கிறேன். காதில் விழுந்தது அப்போதே போய்விடும். கண்ணால் பார்த்தது போகவில்லை.

மடித்து வைத்த தாளை அடுப்பில் போட்டேன். இனி வருவது உண்மை.

பாலத்தில் பிடிபட்ட என்னைத் தீவுக்குக் கொண்டுபோனார்கள். நாலு மாதம் கழித்து ஒரு சார்ஜண்ட் தாளோடு வந்தான். அது வெறுந்தாள் இல்லை. "உனக்குப் படிக்கத் தெரியாதில்ல? நான் வாசிக்கிறேன், காது குடுத்துக் கேளு" என்று வாசித்தான். என் தங்கை லம்ப்ரினி என்னை ஏமாற்றி மலைக்குக் கூட்டிப்போனாள், கொனிட்சாவில் ராணுவத்தைச் சுட்டாள், இனி அவள் என் தங்கை இல்லை. உன்னைக் கைப்பிடித்து மலைக்குக் கூட்டிப்போனது நான். அது உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

"இன்னொரு தடவ வாசிங்க ஐயா" என்றேன். புரியாமல் கேட்கவில்லை. இரண்டாவது தடவை உன் பெயர் வராமல் போய்விடாதா என்று கேட்டேன். வந்தது. "இப்ப புரிஞ்சுதா?" என்றான். "புரிஞ்சுது" என்றேன். யாரும் என் விரலைப் பிடிக்கவில்லை, லம்ப்ரினி. நானே மையில் அழுத்தினேன். பிறகு அதைக் காட்டித்தான் உன் குடியுரிமையைப் பறித்தார்கள்.

என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள். ஞாயிற்றுக்கிழமை அதைக் கோயிலில் வாசித்தார்கள். அம்மா தூண் பக்கத்தில் நின்று கேட்டாள். திரும்பி வரும் வழியில் ஒன்றே ஒன்று கேட்டாள்: "அவ இருக்காளா, இல்லையாடா?"

"இல்லம்மா. பாலத்துலயே முடிஞ்சுபோச்சு."

ஏன் சொன்னேன்? போலீசின் நற்சான்று இல்லாமல் கோவேறு கழுதையை ரோட்டு வேலைக்கு ஓட்ட முடியாது. நீ இருக்கிறாய் என்று தெரிந்தால் அம்மா ஊர் ஊராக விசாரிப்பாள், மெழுகுவர்த்தி ஏற்றுவாள், போலீஸ் என் வாசலுக்கு வரும். அதற்காக. இருபத்தொரு வருடம் அம்மா செத்துப்போன உன் ஆன்மாவுக்கென்று கோதுமை வேகவைத்து, சர்க்கரை தூவி, மாதுளை முத்து பதித்துக் கோயிலுக்குக் கொண்டுபோனாள். நானும் அதைத் தின்றேன்.

உன் ஆறு கடிதமும் வந்தன. தபால்காரன் என் கையில்தான் கொடுத்தான். என் கோவேறு கழுதை கனேலாவின் சேணத்துக்குள் வைத்துத் தைத்தேன். எரிக்க மனம் வரவில்லை. கேட்டால் எனக்குப் படிக்கத் தெரியாது என்று சொல்லிக்கொள்ளலாம். என் வாழ்நாளில் அதைவிட உதவிய சொல் வேறில்லை. நேற்று தையலைப் பிரித்தேன். மூன்றாவது கடிதத்தில், "அம்மா, எழுத வேண்டாம். ஒரு வெறும் உறையை அனுப்பு, நீ இருக்கிறாய் என்று தெரிந்துகொள்கிறேன்" என்று எழுதியிருக்கிறாய். அதற்கு மேல் படிக்கவில்லை. படிக்கத் தெரிந்ததும் என்ன ஆட்டம் ஆடினேன்.

சாகும்போது அம்மா கெட்ட வார்த்தை எதுவும் சொல்லவில்லை. "லம்ப்ரினிகிட்ட போறேன்" என்றாள்.

நேற்று உன் பெயரை வலது பக்கம் எழுதக் கை வரவில்லை. இடது பக்கம் எழுதினால் பாதிரியார் வாசிப்பார், ஊர் கேட்கும். சீட்டே கொடுக்காமல் திரும்பிவிட்டேன். இன்னும் அதே ஆள்தான் நான்.

கையெழுத்துப் போட்ட தாள் இதோடு வருகிறது. என் முகத்தைப் பார்க்காமலும் நீ அதை வைத்து நாட்டுக்கு வரலாம்.

ஆர்கிரிஸ்


தாஷ்கண்ட்
24 ஏப்ரல் 1983

ஆர்கிரிஸ்,

உன் கடிதத்தை மகள்களிடம் காட்டவில்லை.

ஸ்தாதிஸ் எழுபத்தொன்றில் செத்தான். நேற்று அவன் கல்லறைக்குப் போய், முப்பது வருடம் கழித்து, மன்னிப்புக் கேட்டேன். நான் கேட்க வேண்டிய மன்னிப்பு அது ஒன்றுதான்.

ஜூன் 24 வெள்ளிக்கிழமை வருகிறேன். எவாந்தியா வீட்டில் தங்குவேன். அவளுக்கும் எழுதிவிட்டேன். மறுநாள் ஆன்மாக்களின் சனிக்கிழமை மறுபடியும் வருகிறது. அம்மாவுக்குக் கோதுமையை நான் வேகவைக்கிறேன். நீ அந்த ஆறு கடிதங்களையும் கொண்டு வந்து அம்மாவின் கல்லறையில் வை. அவை உனக்கு எழுதியவை இல்லை.

சீட்டை நீ எழுது. இடது பக்கம் என் பெயர். பாதிரியாரிடம் கொடுக்காதே. அவரிடம் அனுமதி கேட்டு, அன்று உன் தாளை வாசித்தவர் நின்ற இடத்தில் நீயே நின்று வாசி. சீட்டுக்குப் பிறகு, மார்ச்சில் எனக்கு எழுதிய கடிதத்தையும் வாசி. மெதுவாக வாசித்தால் போதும், ஊர் காத்திருக்கும். நான் அம்மா நின்ற தூண் பக்கத்தில் நிற்பேன்.

முடித்ததும் உட்கார்ந்துவிடாதே. "இன்னொரு தடவ வாசிங்க" என்று நான் கேட்பேன். இரண்டாவது தடவையும் என் பெயர் அங்கே இருந்தால், உன்னை என்ன சொல்லிக் கூப்பிடுவது என்று அப்போது யோசிக்கிறேன்.

லம்ப்ரினி