பின்லாந்துக்காரருக்கு நான் சொன்ன கதை

12-2-1996, திண்டிவனம்
மரக்காணம் உப்பளத்தைப் படம் பிடிக்க வந்திருக்கும் வெள்ளைக்காரருக்கு என் அம்பாசிடர்தான் வண்டி. ஸ்டாண்டில் பதினேழு வண்டி இருந்தும் என்னைத்தான் கூப்பிட்டார்கள். மற்ற பதினாறும் சவாரி போயிருந்தது வேறு விஷயம். பெயர் எய்னோ, ஊர் பின்லாந்து, வேலை கேமராமேன். என் இங்கிலீஷ் அவருக்கு நன்றாகப் புரிகிறது. அவருடையதுதான் கொஞ்சம் சுமார்.

15-2-1996
டைரக்டர் காட்டும் பக்கம்தான் எய்னோ கேமராவைத் திருப்ப வேண்டும். இன்று உப்பு வாரும் பெண் ஒருத்தி குனிந்து கால் வெடிப்பைப் பார்த்தாள். இவர் திரும்பினார், டைரக்டர் வேண்டாம் என்றுவிட்டார். திரும்பி வரும்போது எய்னோ முகமே சரியில்லை. ஆறுதலுக்கு ஒரு கதை சொன்னேன். போன வருஷ மழையில் ஒலக்கூர் ரோட்டில் இடுப்பளவு வெள்ளம். வண்டியில் பிரசவ வலியோடு ஒரு பெண். எஞ்சின் நின்றதும் நான் தள்ளியே கரை சேர்த்தேன். பின்சீட்டில் பிள்ளை பிறந்தது. அவர் கண் கலங்கிவிட்டது.

தள்ளியது நானில்லை, எங்கள் ஸ்டாண்டு டிரைவர் துரைக்கண்ணு. எஞ்சின் கெட்டதற்கு முதலாளி அவனை வேலையை விட்டே நிறுத்திவிட்டார். ஆனால் பின்லாந்திலிருந்து யார் வந்து விசாரிக்கப் போகிறார்கள்?

3-9-2007
எய்னோவின் கடிதம். டைரக்டர் ஆகிவிட்டார். முதல் படமே என் கதையாம், அதுவும் என்னை வைத்தே. ஸ்டாண்டு முழுக்க டீ வாங்கிக் கொடுத்தேன்.

என் வீட்டுக்காரி பவுனு மட்டும், "துரைக்கண்ணு அண்ணன் ஸ்டாண்டு வாசல்ல மல்லாட்டை வறுத்துக்கினு கெடக்குது. அது கண்ணு எதிர்லயே நீ நடிப்பியா?" என்றாள். கேப்பைக் கூழில் உப்பே போடவில்லை.

4-9-2007
நடந்தது யாருக்கோ. சொன்னது நான்தானே?

20-1-2008
ஷூட்டிங். ஐயாயிரம் பேர் கூட்டம். சரி, ஐம்பது. வேர்க்கடலை விற்க வந்த துரைக்கண்ணுவும் தள்ளுவண்டியோடு நின்றான். நான் ஸ்டியரிங்கைப் பிடித்து உட்கார்ந்தேன். மொழிபெயர்க்க வந்த ஆர்த்தி, "வெள்ளத்துல நிக்கும்போது என்னா சத்தம் கேட்டுதுன்னு கேக்குறாருங்க ஐயா" என்றாள்.

எனக்கென்ன தெரியும்? அன்று நான் வீட்டில் போர்த்திக்கொண்டு படுத்திருந்தேன். புலி உறுமியது போல என்று ஆரம்பித்தேன். எய்னோ தலையாட்டவில்லை.

கூட்டத்திலிருந்து துரைக்கண்ணு மெதுவாகச் சொன்னான்: "சத்தமே இல்லப்பா. அந்தப் பொண்ணு வலியில சீட்டு கவரைக் கிழிச்சுது, அதான் கேட்டுது. அதைச் சொல்லு சவுரி."

எனக்கு எடுத்துக் குடுக்கிறான். எனக்கு எதுக்குடா குடுக்கிற? உன் பொழப்பே போச்சேடா அதுல—

இறங்கிவிட்டேன். "அவராண்ட சொல்லும்மா. வண்டியைத் தள்ளினது அவன்."

ஆர்த்தி சொன்னாள். எய்னோ கேமராவைத் தானே தூக்கிக்கொண்டு தள்ளுவண்டிப் பக்கம் நடந்தார். இந்த முறை அவர் யாரையும் கேட்க வேண்டியதில்லை.

7-3-2010
படம் வந்துவிட்டது. டீக்கடை டிவியில் போட்டோம். ஒன்றரை மணி நேரமும் துரைக்கண்ணு பேசுகிறான். நான் வருவது நான்கு நொடி, இறங்கிப் போகும் முதுகு மட்டும். "முதுகுகூட பொய் சொல்ற மாதிரியே இருக்குதுடா" என்றான் துரைக்கண்ணு. கடையே சிரித்தது. வெளியில் எட்டு நொடி என்று சொல்லியிருக்கிறேன்.

19-3-2010
விழுப்புரம் சவாரி. ஒலக்கூர் ரோட்டில் பிள்ளை பிறந்த கதையை வண்டியில் ஏறியவர் கேள்விப்பட்டிருக்கிறார். "அந்த டிரைவர் நீங்களா?" என்று கேட்டார்.

"இல்லீங்க" என்றேன்.

இவ்வளவு சின்ன பதில் என் வாயிலிருந்து வந்து நானே கேட்டதில்லை.