பதினோரு தடவை

மார்ச் 14, சனிக்கிழமை, காலை 11.40. எண்ணிக்கை: பதினொன்று.

அன்புள்ள டீச்சரம்மா,

நீ பயிற்சிக்குப் போயிருப்பதால் நம் குட்டியை நடன சிகிச்சைக்கு நான் கூட்டிப்போனேன். இன்றோடு நிறுத்திவிடுவது என்றுதான் கிளம்பினேன். ஆறு மாதமாக வாய் திறக்காத நாலு வயசுப் பிள்ளை, ஆடினால் பேசிவிடுமா? காதில் பூ சுற்றுகிறார்கள் என்று நினைத்தபடி கண்ணாடிச் சுவருக்கு வெளியே உட்கார்ந்தேன்.

ஆட்ட டாக்டர் எதுவும் சொல்லித் தரவில்லை. பிள்ளை செய்வதைத் திருப்பிச் செய்கிறார், அவ்வளவுதான். அவர் நெருங்கும்போதெல்லாம் குட்டி தலை நிமிராமல் இடக்கையை உயர்த்தி உள்ளங்கையைக் காட்டினாள். எண்ணினேன், பதினோரு தடவை.

முடிந்ததும் அவரைப் பிடித்துக்கொண்டேன். "இது நீங்க பழக்கிவிட்டதுதானே?"

"நான் எங்க சார் பழக்கினேன்? வந்த நாள்லேருந்து அவ ஆடுறதே இதைத்தான். வீட்ல யாரு இப்படிப் பண்றாங்க?"

"எங்க வீட்லயா? யாரும் இல்ல."

அப்போது ஆபீஸிலிருந்து ஏதோ செய்தி வந்தது. செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். குட்டி என் சட்டையை இழுத்தாள். என் இடக்கை தானாக மேலே போய் உள்ளங்கையைக் காட்டியது. குட்டி திறந்த வாயை மூடிக்கொண்டாள்.

ஆட்ட டாக்டர் என் கையையே பார்த்தார். திட்டியிருந்தால் தேவலை.

ஆட்டத்தில் எனக்கு இன்னும் நம்பிக்கை வரவில்லை. ஆனால் நிறுத்தப்போவதில்லை.

இப்படிக்கு,
உன் சந்தேகப் பிராணி

இனி செய்யப்போவது:
1. அடுத்த சனிக்கிழமையும் நானே கூட்டிப்போவேன்.
2. செல்போன் வீட்டில் இருக்கும்.
3. கண்ணாடிக்கு உள்ளே உட்காருவேன். குட்டி கையைக் காட்டினால், அது இறங்கும்வரை காத்திருப்பேன்.