திருப்பித் தராத காசோலை

அண்ணே,

இன்று காலை என் ஜெபப்புத்தகத்தின் அட்டை கழன்றுவிட்டது. ஒட்டலாமென்று எடுத்தபோது உள்ளேயிருந்து உங்கள் காசோலை விழுந்தது. தாள் பழுத்துவிட்டது. உங்கள் கையெழுத்தின் மேல் வங்கி அடித்த சிவப்பு முத்திரை மட்டும் இன்னும் மங்கவில்லை.

அதை அந்தப் புத்தகத்துக்குள் வைக்கச் சொன்னதே நீங்கள்தான். எழுபத்தெட்டில், கோலா கெத்திலில் என் மளிகைக் கடையில் நின்றுகொண்டு சொன்னீர்கள். ரப்பர்த் தோட்டத்தில் புல்வெட்டுக் காண்ட்ராக்ட் எடுத்திருந்த உங்கள் ஆட்களுக்கு மாதாமாதம் அரிசியும் கருவாடும் என் கடையிலிருந்துதான் போகும். தோட்டத்துப் பணம் தாமதமானால் ஒரு காசோலை எழுதி நீட்டுவீர்கள். "இது பேங்க்குக்குப் போற செக் இல்ல தம்பி. நான் பேசுன பேச்சுக்குச் சாட்சி, அவ்வளவுதான் லா. ஜெபப்புத்தகத்துக்குள்ள வச்சிரு. பணத்தக் கையில கொடுத்துட்டு வாங்கிக்கிறேன்." அதற்கு முன் நான்கு வருடமும் அப்படித்தான் நடந்தது. ஒரு தடவைகூட நீங்கள் தவறவில்லை.

அந்த மாதம் கடைக்கு வந்த ஒருவன், நீங்கள் ஆட்களை ஏற்றிப்போகும் உங்கள் லாரியை விற்றுவிட்டுச் சிங்கப்பூருக்குக் கிளம்புவதாகக் கதை கட்டினான். நான் பயந்தாங்கொள்ளி. உங்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் காசோலையை வங்கியில் போட்டேன். கணக்கில் பணம் இல்லையென்று திரும்பி வந்தது. வராமல் என்ன செய்யும்? அந்தக் கோபத்திலேயே போலீசுக்குப் போனேன். மோசடிப் புகார் என்று எழுதிக்கொண்டார்கள்.

அதற்கு முந்திய ஞாயிறுதான் மாதா கோவிலில் உங்கள் மகளுக்கு முதல் ஓலை வாசித்திருந்தார்கள். மூன்று ஞாயிறு வாசித்து, தடை சொல்ல யாரும் இல்லையென்றால் கல்யாணம். புதன்கிழமை உங்கள் வாசலில் போலீஸ் நின்றது. மறுநாள் ஜாமீனில் வந்த கையோடு என் கடைக்கு வந்தீர்கள்.

"ஞாயித்துக்கிழமைக்குள்ள சமாதானமாப் போயிருவோம் தம்பி. பாதி இப்பத் தரேன், மீதிக்கு ரெண்டு மாசம் கொடு. நீ கேஸ வாபஸ் வாங்கிட்டா, மாப்பிள்ள வீட்டுக்கு நான் பதில் சொல்லிக்குவேன்."

நான் உங்கள் முகத்தைப் பார்க்காமல் அரிசி மூட்டையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். "முழுசா வரட்டும்ணே, அப்புறம் பேசுவோம்."

லாரியை வந்த விலைக்குத் தள்ளினீர்கள். கதை கட்டியவன் சொன்னதில் பாதி என்னால் உண்மையாயிற்று. செவ்வாய்க்கிழமை சுங்கைப் பட்டாணியில் வக்கீல் மேசைமேல் முழுப் பணத்தையும் வைத்தீர்கள். இருவரும் சமாதானப் பத்திரத்தில் கையெழுத்திட்டோம். புகாரை மீட்டுக்கொள்ள வேண்டும், காசோலை போலீசிடமிருந்து வந்ததும் உங்களிடம் திருப்பித் தர வேண்டும். இவை இரண்டும் என் பொறுப்பு. மாஜிஸ்திரேட் அனுமதி தந்தார், வழக்கு முடிந்தது. எல்லார் முன்னாலும் கைகூடக் குலுக்கினோம்.

ஆனால் நடுவில் ஒரு ஞாயிறு போயிருந்தது. மாப்பிள்ளை வீட்டார் நிறுத்தச் சொல்லி, அன்று இரண்டாம் ஓலையை வாசிக்கவில்லை.

பத்திரத்தை எடுத்துக்கொண்டு செமிலிங்கில் மாப்பிள்ளை வீட்டுக்கு ஓடினேன். மாப்பிள்ளையின் அப்பா மரியாதையாகத் தேநீர் கொடுத்தார். "பணம் வந்துருச்சு, சரி. போலீஸ் வந்தது வந்ததுதானேங்க?" என்றார். அதை உங்களிடம் கோவில் வாசலில் சொன்னேன். "கேஸ்தான் தம்பி தீந்துச்சு," என்றீர்கள். அதன்பிறகு எட்டு வருடம் என்னிடம் பேசவில்லை.

ஒரு மாதத்தில் காசோலை வந்தது. வாங்க நீங்கள் வரவில்லை. இரண்டு முறை உங்கள் தெருமுனைவரை எடுத்து வந்தேன். வாசலில் உங்கள் மகள் துணி தைத்துக்கொண்டிருந்தாள். இரண்டு முறையும் திரும்பிவிட்டேன். வெட்கம்தான் அண்ணே, வேறென்ன?

எண்பத்தாறில் நீங்கள் இறந்தபோது அதைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வந்தேன். பெட்டியை மூடுவதற்குள் உங்கள் கையருகே செருகிவிடலாமென்று நினைத்தேன். பெட்டியின் தலைமாட்டில் உங்கள் மகள் தனியாக நின்றாள். என்னைப் பார்த்து, "வாங்க சித்தப்பா, அப்பாவப் பாத்துட்டு காப்பி குடிச்சிட்டுப் போங்க," என்றாள். அந்த வார்த்தைக்குப் பிறகு என் கை பைக்குள் போகவில்லை.

அட்டையை ஒட்டிவிட்டேன். காசோலையைப் பழைய பக்கத்திலேயே வைத்துவிட்டேன். பத்திரத்தில் உங்கள் பங்கை நீங்கள் அன்றே முடித்துவிட்டீர்கள். என் பங்கை இனி யாரிடம் கொடுத்து முடிப்பது, அண்ணே?