ஓடைப் பக்கத்துக் கடைசி நிரை

மேல் டிவிஷன் லயம்,
தானா ராத்தா,
2.10.1978

அன்புள்ள அம்சவல்லி அக்காவுக்கு,

நானும் என் வீட்டுக்காரரும் நலம். அப்படித்தான் எழுத வேண்டும், வேறு எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை. இங்கே விடாத மழை. அவருக்கு இருமல் நிற்கவில்லை.

பிள்ளை போய் ஐந்து மாதம் ஆகிறது. மூன்று நாள்தான் இருந்தான். வயிற்றுப் பிள்ளையோடு இழவு வீட்டுக்குப் போகக் கூடாது என்று அத்தான் உன்னைத் தடுத்திருப்பார். அதில் எனக்கு வருத்தமில்லை. இல்லை, பொய். இருந்தது, இப்போது இல்லை.

தேயிலைச் செடிகளுக்கு நடுவே எங்கோ புதைக்கக் கொண்டுபோனார்கள்; பெண்கள் வரக் கூடாது என்று என்னை லயத்திலேயே உட்கார வைத்துவிட்டார்கள். எங்கே புதைத்தீர்கள் என்று அவரிடம் கேட்டுக் கேட்டு அலுத்துப் போனேன். சொன்னால் அங்கேயே போய் உட்கார்ந்துகொள்வாய் என்று வாயைத் திறக்கவில்லை. இரண்டு நாள் சமைக்காமலும் இருந்து பார்த்தேன்.

நாற்பது நாள் கழித்து வேலைக்குப் போனேன். எந்த நிரையில் கால் வைத்தாலும், கீழே இருக்கிறானோ என்று உடம்பு கூசும். ஏழாம் நம்பர் மலையில் கொழுந்து வெட்டும் நாளில் மட்டும் கங்காணி சின்னக்கருப்பன் என்னை நாற்று மேட்டுக்குக் களை பிடுங்க அனுப்புவார். மூன்று தடவையும் அப்படியே. அவரும் அன்றைக்குக் குழி வெட்டப் போனவர். மறைக்கப் பார்த்து அந்த மனிதரே காட்டிக்கொடுத்துவிட்டார். நான் கேட்டதற்கு, "வேலையப் பாரு லா, கேள்வி கேக்காத" என்று அதட்டினார். ஆனால் என் முகத்தைப் பார்க்கவில்லை.

போன செவ்வாய்க்கிழமை நாற்று மேட்டுக்குப் போக மாட்டேன் என்று நின்றுவிட்டேன். ஓடைப் பக்கத்துக் கடைசி நிரையை யாரும் எடுக்காமல் விட்டிருந்தார்கள். நான் எடுத்தேன். ஒரு செடியின் அடியில் கல் அடுக்கியிருந்தது, நாய் தோண்டாமல் இருக்க. அக்கா, நான் கத்தவில்லை, உட்காரவும் இல்லை. அந்தச் செடியிலும் கொழுந்து வெட்டிக் கூடையில் போட்டேன். பாவமோ என்னவோ. மற்றவர் கை படுவதற்கு என் கையே படட்டும் என்றிருந்தது. நிரை முடிந்த பிறகுதான் அழுதேன். இனி அது என் நிரை என்று கங்காணியிடம் சொல்லிவிட்டேன். அவர் சரி என்றார்.

உனக்குப் பெண் பிறந்து இரண்டு மாதமாமே. கிள்ளானில் உன் வீட்டுக்கு வந்துபோன காளியம்மா அத்தை வாய் தவறிச் சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். நீ மறைத்தது எனக்காகவா, பிள்ளைக்காகவா என்று கேட்க மாட்டேன்.

தீபாவளிக்கு அவளைத் தூக்கிக்கொண்டு வா. இங்கே குளிர், அவளுக்குக் கம்பளிச் சட்டை போட்டுவிடு. என் கண் பட்டுவிடும் என்று பயமாக இருந்தால் கன்னத்தில் மையைப் பெரிதாக வை, நான் ஒன்றும் நினைத்துக்கொள்ள மாட்டேன். அவள் நூறு வருஷம் இருக்கட்டும். ஒரே ஒரு தடவை என் மடியில் போடு.

உன் கூடப்பிறந்தவள்,
பவளம்