ஹெல்சின்கியில் நீ அமைத்த வீடுகள்

அன்பு அக்கா,

பாரிஸில், நம் தமிழ்க் கடைகள் இருக்கும் லா சப்பலில், ஒரு நகைக்கடைக்குப் பக்கத்துக் கடைக்கு இன்று பெயின்ற் அடிக்கிறார்கள். மரக்கறிப் பையோடு மெத்ரோவுக்கு நடந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். விமான நிலையத்தில் உன்னைக் கட்டிப்பிடிக்கும்போதெல்லாம் உன் கோட்டில் இந்தப் பெயின்ற் மணம்தான் இருக்கும்.

ஹெல்சின்கியில் ஒரு சினிமாத் தளத்தைக் கூட்டித் துடைக்கப் போனவள் நீ. பிறகு சுவருக்குப் பெயின்ற் அடித்தாய். புதுச் சுவரைத் தேயிலைச் சாயத்தால் பழசாக்கும் உன் கைவண்ணம் பார்த்து மேலே எடுத்தார்கள். கடைசியில், பின்லாந்துப் படங்களுக்கு முழு வீடுகளையே அமைத்துக் கொடுக்கும் கலை இயக்குநராகிவிட்டாய். "அக்கா சினிமாவிலை" என்று நான் சொன்னால், இங்கே எல்லோரும் "நடிக்கிறாவோ?" என்றுதான் கேட்பார்கள்.

ஊரில் போர் முடிந்த மறு வருசம், பாரிஸுக்கு வெளியே கார்ஜிலுள்ள என் வீட்டுக்கு வந்தாய். ஹெல்சின்கியில் துப்புரவு வேலை செய்யும் ஒரு தமிழ்ப் பெண்ணைப் பற்றிய படம். அவள் சமைக்க ஒரு குசினி வேண்டும். லா சப்பல் கடைகளில் எல்லாம் புதுசாக இருக்கிறதென்று சலித்துக்கொண்டு என் குசினியைச் சுற்றிப் பார்த்தாய்.

"உந்தத் திரைச்சீலையைத் தா. மேசை லாச்சிக்குள்ளை கிடக்கிறதையும் அப்படியே தா."

எண்ணெய்ப் பிசுக்கேறிய திரை. லாச்சியை இழுத்தால் றப்பர் வளையங்கள், பழைய மெத்ரோ ரிக்கற்றுகள், என் அகதி விண்ணப்பத்தை முதல்முறை மறுத்த கடிதம். வெட்கத்தில் குரல் உயர்ந்துவிட்டது.

"என்ர ஊத்தையையோ உலகத்துக்குக் காட்டப்போறாய்?"

"உலகத்துக்கில்லையடி. நடிக்கிற பிள்ளைக்கு."

தந்தேன். ஆனால் இரண்டு நாள் உன்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

படம் பாரிஸுக்கு வந்தபோது என் பக்கத்தில் நீ இருந்தாய். அந்தப் பெண் லாச்சியைத் திறந்தாள். உள்ளே கையை வைத்தபடி கொஞ்ச நேரம் நின்றாள். மூடினாள். உள்ளே இருந்தது எதுவுமே திரையில் தெரியவில்லை. ஆனால் அந்தக் கடிதம் வந்த அன்று நான் நின்றதும் அப்படித்தான். இருட்டில் உன் கையைத் தேடிப் பிடித்தேன்.

பெயர்கள் ஓடத் தொடங்க, சனம் எழும்பியது. நீயும் எழும்பிவிட்டாய்.

"பேர் வரப்போகுது, இருந்து பாரன் அக்கா!"

"என்ர பேர் எனக்குத் தெரியும்தானே. வா, தேத்தண்ணி குடிப்பம்."

அதற்குப் பிறகு ஒவ்வொரு முறை தொலைபேசியிலும், "எப்ப இஞ்சை வருவாய்?" என்பாய். "கோடைக்குப் பாப்பம்" என்பேன். கடையில் லீவில்லை, பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடச் சோதனை. எத்தனையோ கோடை போனது. கடைசியில் நான் வந்தது உன்னைத் தகனம் செய்ய.

உன் வீட்டுச் சுவர்கள் வெறும் வெள்ளை. ஒரு மேசை, ஒரு கதிரை. ஊருக்கெல்லாம் வீடு அமைத்தவளின் வீடு இதுதானா என்று திகைத்து நின்றேன். பக்கத்து வீட்டுப் பெண் வந்து உள்ளறைக் கதவைத் திறந்துவிட்டாள். "இது தங்கையின் அறை என்று சொல்லுவார்" என்றாள்.

மஞ்சள் திரை. விரித்த கட்டில். வாசிக்க ஒரு விளக்கு. கதவுக்குப் பின்னால் கோட்டு மாட்ட ஒரு கொளுக்கி. எந்த வீட்டிலும் நான் நுனிக்காலில் எழும்பித்தான் கோட்டை மாட்டுவேன். அங்கே எழும்ப வேண்டியிருக்கவில்லை.

நாலு நாள் அந்தக் கட்டிலில் படுத்தேன், அக்கா. இப்போது எந்த வீட்டுக்குப் போனாலும், கோட்டைக் கழற்றியதும் என் கை முதலில் அந்த உயரத்துக்குத்தான் போகிறது.