வெள்ளியிலிருந்து மூன்று கிழமை

திங்கட்கிழமை, இரவு.

துறைமுகத்தில் என்னோடு வேலை செய்யும் ரிஸ்வானுக்குக் கொப்புளிப்பான், அந்தத் தொற்றும் அம்மை. எனக்கும் என் மனைவி மேரிக்கும் அது வந்ததேயில்லை. அவளுக்கோ நிறைமாதம். ஒரு கிழமை, ஏழு நாள், ஒதுங்கியிருந்தால் போதும் என்று நினைத்துத்தான் டாக்டருக்கு அழைப்பெடுத்தேன்.

“கடைசியா எப்ப அவரோட இருந்தனீங்கள்?”

“வெள்ளிக்கிழமை. ஒரே சோத்துப் பார்சலிலதான் சாப்பிட்டனாங்கள்.”

“அப்ப வெள்ளியிலயிருந்து மூண்டு கிழமை. உங்களுக்குக் கொப்புளம் ஒண்டும் போடாட்டிலும், அதுவரைக்கும் மனுசிக்குக் கிட்டப் போக ஏலாது.”

கலண்டரில் நாளை எண்ணினேன். பிள்ளை பிறக்குமென்று சொன்ன நாள் அதற்குள் வருகிறது.

பின்னேரமே மேரியை மூதூருக்கு, தாய்வீட்டுக்கு அனுப்பினேன். ஓட்டோவில் ஏறும்போது கேட்டாள்: “அப்ப பிள்ளையை ஆர் முதல் தூக்குறது?”

தூரத்தில் நின்றே, “உன்ர அம்மா” என்றேன். என் குரல் எனக்கே யாருடையதோ மாதிரிக் கேட்டது.